வலது ஓரத்தில் நின்றவன்

10-6-73, ஞாயிறு

மாலை ஜெபத்தில் இருந்தவர்கள்: நான், என் வீட்டுக்காரர், மகன் ஜோசப், அவன் சிநேகிதன் பரசுராமன். பரசுராமன் டீக்காக ஆமென் சொல்கிறவன்.

சுவரோரம் பெயிண்ட் டிரம் மூடிகள் நாலு. கைப்பிடி வைத்துப் பற்றவைத்திருக்கிறார்கள்.

"இன்னாடா இது?"

"கேடயம்மா. கிரேக்கக்காரங்க வரிசையா நிப்பாங்க இல்ல? என் மூடி எனக்கு இடது பக்கம் நிக்கிறவன மறைக்கும். அவனுது அடுத்தவன."

அந்தச் சரித்திரப் பாடம் எனக்கும் தெரியும். நான் எழுத்துக்கூட்டிப் படித்ததே இவன் புத்தகங்களில்தான்.

"எதிர்ல யாரு, பாரசீகமா?"

"ஸ்டேஷன் தெரு மணவாளன் கும்பலு" என்றான் பரசுராமன். "இன்னும் டீ கீதா, யம்மா?"

13-6-73

மூடிகளை விறகறையில் போட்டுப் பூட்டினேன். உடைத்து எடுத்துவிட்டான். பூட்டு இரண்டேகால் ரூபாய், வீட்டுக் கணக்கில் ஜோசப் பேரில் எழுதிவிட்டேன்.

16-6-73

சண்டை நடந்துவிட்டது. ஜோசப்புக்குக் கையில் வெட்டு. பரசுராமன் ஆஸ்பத்திரிக்குப் போகும் வழியிலேயே —

ஜோசப்தான் அவனை வலது கோடியில் நிறுத்தினானாம். அவனுக்கு வலப்பக்கம் மறைக்க யாருமில்லை. அது பாடத்தில் இல்லையா? நானாவது யோசித்தேனா?

18-6-73

உடல் வந்தது. சுடுகாட்டுக்கு ஸ்டேஷன் தெருவைத் தாண்டித்தான் போக வேண்டும். பையன்கள் மறுபடி மூடியோடு நிற்கிறார்கள்.

"மணவாளன் வீட்ல வழி வுடச் சொல்லிக் கேட்டுட்டு வரேன்" என்றேன்.

"கேட்டா தோத்துட்டோம்னு அர்த்தம்" என்றான் ஜோசப். " கிரேக்கத்துலயே, பொணத்தக் கேட்டு ஆளனுப்புனவன்தான் தோத்தவன்."

"அப்ப தோத்தவ சாராள்னு எழுதிக்கோ. தள்ளு."

மணவாளன் அம்மா கங்கம்மாள் வாசலிலேயே மறித்தாள்.

"யாரு நீ?"

"உன் புள்ளய அடிச்சவன் அம்மா."

"ஆஸ்பத்திரில மண்ட ஒடஞ்சி கெடக்கறான் எம்புள்ள. இன்னா தைரியம் உனக்கு!"

"தைரியம் இல்லாமலா வந்தேன்? செத்த புள்ளைக்கு வழி வுடு, யக்கா."

"பொணத்த எட்த்துனு போ. ஒரு மூடி கண்ணுல பட்டுது, கொதிக்கிற தண்ணி ஊத்துவேன்."

போய்ப் பையன்களிடம் அதை அப்படியே சொன்னேன். மூடிகள் இறங்கின. ஜோசப் பாடையின் வலது முன்கொம்பைப் பிடித்தான், வெட்டுப்பட்ட கை. மாற்ற வந்தவனை விடவில்லை.

20-6-73

மணவாளனை அடித்ததற்காக நாளை மாலை ஜோசப்பைப் போலீசில் ஒப்படைக்கிறோம். காலையில் சாப்பிடாமல் வந்து நின்றான்.

"யம்மா, மணவாளன ஒருதடவ பாக்கணும். நீ கேளு."

"எதுக்குடா?"

"தெர்ல."

தோற்றவன் கேட்பான் என்று அவனுக்கு நான் ஞாபகப்படுத்தவில்லை. கங்கம்மாளுக்கு ஆள் அனுப்பிச் சொன்னது: என் மகன் வெறுங்கையோடு வருவான், நானும் கூட வருவேன். ஆஸ்பத்திரிக்கு வரலாமா, கூடாதா? சீக்கிரம் பதில் சொல்லியனுப்பு, யக்கா.