வெட்டி எடுத்த துண்டு

வெல்டன் கல்லூரி, அயோவா
செப்டம்பர் 3, 1975

அன்புள்ள ஆல்பினா அவர்களுக்கு,

நலம். நீங்களும் எமிலும் நலந்தானே? கொலாச்சி பன் டின் நேற்று வந்தது. மூடியைத் திறந்ததுதான் தெரியும், பிளம் வைத்தது ஒன்றுகூட மிஞ்சவில்லை. அடுத்த டின் எப்போது என்று பையன்கள் வெட்கமில்லாமல் கேட்கிறார்கள். எட்டு வருஷமாக நீங்கள் கொடுத்த செல்லம்.

இது எனக்குக் கடைசி சீசன். இருபத்தேழு வருஷம் இந்த ஃபுட்பால் மைதானத்துக்கு நானே சுண்ணாம்புக் கோடு போட்டேன், நானே பஸ்ஸும் ஓட்டினேன். ஜெயித்ததைவிடத் தோற்றது கொஞ்சம் அதிகம். ஆனாலும் மைதானத்துக்கு என் பெயர் வைக்கப் போகிறார்களாம். அக்டோபர் 18, சனிக்கிழமை. பெயர்ப்பலகையை நீங்கள்தான் திறக்க வேண்டும் என்று நானே கேட்டுக்கொண்டேன். டுவேனின் அம்மா இல்லாத மேடையில் எனக்கு என்ன மரியாதை?

அன்புடன்,
ஆர்லன் டெஸ்டால்


நெப்ராஸ்கா
செப்டம்பர் 10, 1975

அன்புள்ள கோச்சுக்கு,

கட்டாயம் வருகிறேன். எமில் சோள அறுவடை என்று சாக்குச் சொல்கிறார். அவரையும் இழுத்துக்கொண்டு வருகிறேன்.

டுவேனை அடக்கம் செய்த அன்று எங்கள் சமையலறையில் நின்று, "ஒரு அறிகுறியும் இல்லம்மா. நல்லா ஆடிக்கிட்டிருந்தவன் சட்டுனு விழுந்துட்டான்" என்று சொன்னீர்கள். அதைக் கேட்ட பிறகுதான் எனக்குக் கொஞ்சமாவது தூக்கம் வந்தது. மேடையில் அதைச் சொல்லலாம் என்றிருக்கிறேன்.

ஒரு ஆசை. பால் கறக்க ஆளில்லை என்று அந்தக் கடைசி ஆட்டத்துக்கு நாங்கள் வரவில்லை. எல்லா ஆட்டத்தையும் படம் எடுப்பீர்களே, அந்தச் சுருள் இருக்கிறதா? அவன் விழுவதைப் பார்க்கத் தெம்பில்லை. அதுவரைக்கும் போதும்.

உங்கள்,
ஆல்பினா வாவ்ரா


வெல்டன்
செப்டம்பர் 17, 1975

அன்புள்ள ஆல்பினா அவர்களுக்கு,

சுருளைப் பார்சலில் அனுப்பியிருக்கிறேன். நீங்கள் கேட்டபடி கடைசிப் பகுதியை எடுத்துவிட்டேன். பழைய சுருள், ஜாக்கிரதையாக ஓட்டுங்கள்.

ஆர்லன்


நெப்ராஸ்கா
செப்டம்பர் 26, 1975

அன்புள்ள கோச்சுக்கு,

மாதாகோயில் ப்ரொஜெக்டரை இரவல் வாங்கி வந்து சமையலறைச் சுவரில் போட்டுப் பார்த்தோம். ஐம்பத்து நாலாம் நம்பர் சட்டையைப் பார்த்ததும் எமில் எழுந்து நின்றுவிட்டார். எவ்வளவு மெலிந்திருக்கிறான்! உங்கள் கல்லூரிச் சாப்பாட்டைத் திட்டித் தீர்த்தேன். கடைசியில் ரொம்பக் களைத்துத் தெரிந்தான், பாவம்.

எமில்தான் கண்டுபிடித்தார். ஸ்கோர்போர்டு கடிகாரத்தில் மீதி பதினொரு நிமிஷம் இருந்தது, உடனே ஒன்பது ஆகிவிட்டது. "நடுவுல வெட்டி ஒட்டியிருக்கு, பாரு" என்றார். பழசுதானே, அறுந்திருக்கும் என்றேன். அந்தத் துண்டு எங்காவது கிடந்தால் அனுப்புங்கள், கோச். அவன் ஓரமாக நின்று தண்ணீர் குடிப்பதாக இருந்தாலும் போதும். அவன் நடமாடுகிற படம் எங்களிடம் வேறு கிடையாது.

உங்கள்,
ஆல்பினா


வெல்டன்
அக்டோபர் 2, 1975

அன்புள்ள ஆல்பினா,

சுருள் தானாக அறுந்ததல்ல. நான்தான் வெட்டினேன். துண்டு தொலைந்துவிட்டது என்று ஒரு கடிதம் எழுதி, அதைக் கிழித்துப் போட்டேன். துண்டு இத்துடன் இருக்கிறது. படத்தில் சத்தம் இல்லை, அதனால் நான் சொல்லிவிடுகிறேன்.

அந்த வருஷம் முதல் நாலு ஆட்டமும் தோற்றிருந்தோம். இதிலும் தோற்றால் வேறு வேலை பார்த்துக்கொள் என்று கல்லூரித் தலைவர் சொல்லியிருந்தார். ஆட்டத்தின் கடைசிக் கால் பகுதியில் ஹெல்மெட்டோடு ஹெல்மெட் மோதி டுவேனுக்குத் தலையில் பலமான இடி. எழுந்தவன் நேராக எதிர் அணியின் பெஞ்சுக்கு நடந்து போனான். எங்கள் பையன்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். நானும் சிரித்தேன். அந்தக் காலத்தில் எல்லாக் கோச்சும் அதற்குச் சிரிப்போம். அவர்களுடைய கோச் அவன் ஹெல்மெட்டைக் கழற்றி உட்கார வைத்தார். நான் கையைத் தட்டி, இங்கே அனுப்புங்கள் என்றேன்.

வந்தவனிடம் இரண்டு விரலைக் காட்டி எத்தனை என்று கேட்டேன். "மூணு, கோச்" என்றான்.

"ஒண்ணுதானடா கூட. போ உள்ள" என்றேன்.

அதற்கப்புறம் நாலு தடவை மோதினான். ஐந்தாவதில் விழுந்தான். நாங்கள் ஜெயித்தோம். அந்த ஜெயத்தில்தான் இந்த எட்டு வருஷமும் வேலையில் இருக்கிறேன். உங்கள் சமையலறையில் நான் சொன்னது பொய்.

பெயர்ப்பலகை வேண்டாம் என்று நீங்கள் ஒரு வார்த்தை சொன்னால் கல்லூரிக்கு எழுதிவிடுகிறேன்.

ஆர்லன்


நெப்ராஸ்கா
அக்டோபர் 9, 1975

திரு. டெஸ்டால் அவர்களுக்கு,

துண்டைப் பார்த்தோம். எமில் ஒரு தடவை பார்த்துவிட்டு மாட்டுக் கொட்டகைக்குப் போய்விட்டார். நான் எத்தனை தடவை பார்த்தேன் என்று எண்ணவில்லை.

பலகையை என் தலையில் கட்டாதீர்கள். வைப்பதும் விடுவதும் உங்கள் பாடு. நான் வரவில்லை.

நீங்கள் எழுதாத ஒன்று அந்தத் துண்டில் இருக்கிறது. சின்னதாகத்தான் தெரிகிறது, ஆனால் தெரிகிறது. அந்த மனிதர் ஹெல்மெட்டைக் கழற்றியதும் டுவேனின் முகத்தைத் தன் கையால் துடைத்துவிடுகிறார். டுவேன் அவர்மேல் சாய்ந்துகொள்கிறான். நீங்கள் கையைத் தட்டும்போது அவர் வேண்டாம் என்று தலையை ஆட்டுகிறார். நீங்கள் மறுபடி தட்டுகிறீர்கள். அவர் மறுபடி ஆட்டுகிறார். மூன்றாவது தடவை டுவேனே எழுந்து உங்களிடம் ஓடி வருகிறான். கூப்பிட்டது நீங்களாயிற்றே.

அந்த மனிதரின் பெயரையும் விலாசத்தையும் ஒரு அட்டையில் எழுதி அனுப்புங்கள். வேறு எதுவும் எழுத வேண்டாம். பதினெட்டாம் தேதி மாவு பிசைகிறேன். அடுத்த டின் அவருக்கு.

ஆல்பினா வாவ்ரா