மடங்காத முழங்காலுக்கு மறுதீர்ப்பு வேண்டி

நலம் நிலைக்க. மழை பிழையாது பெய்க. வேய்மலையையும் அதன் கணவாய்களையும் ஒரு குடைக்கீழ்க் காக்கும் கோப்பெருந்தேவி இளவெயினியார் திருவடிகளுக்கு, அரசவைத் தூதர்களுள் மூத்தவரும், அயல்மன்னர் மூவரைத் தம் நாவால் பணியவைத்தவரும், அண்மையில் இரண்டு மாடுகளால் தாமே பணியவைக்கப்பட்டவருமான சேந்தன் ஆதிரையனார் விடுக்கும் முறையீட்டோலை. முறையிடுவோர் தம்மை அயலாரைப் போல் வைத்தெழுத வேண்டும் என்பது நம் நாட்டு விதியாதலின், தூதரை இவ்வோலை ‘அவர்’ என்றே குறிக்கும். அவருக்கும் அது வசதியே. நடந்ததைத் தம் பெயரால் சொல்ல அவருக்கு நாணம்.

தேவியார் திருவுளம் பற்றுக. கருங்கோட்டு மன்னர் கடுவரையரிடம் சென்று நம் வயல்களுக்கு மதகு திறக்கக் கேட்டுவருமாறு சென்ற வேனிலில் தூதருக்குக் கட்டளை பிறந்தது. புறப்படுவதற்கு முந்தின நாள் அவர் பெருவழியின் நட்டநடுவே நின்று, எதிரே இருந்த புளியமரத்தைக் கடுவரையராகப் பாவித்து, தம் உரையை ஒத்திகை பார்த்தார். மண்டியிட வேண்டிய இடம் வந்தது. பின்னால் எழுந்த கூச்சலைத் தம் சொல்வன்மைக்குக் கிடைத்த ஆரவாரமென்று எண்ணி, மகிழ்ந்து, இன்னும் ஒருமுறை தாழ்ந்து வணங்கினார். பலாப்பழம் ஏற்றிய வண்டியொன்று அவர் வலக்காலின் மேல் ஏறி நின்றது.

வண்டியை ஓட்டிவந்தவள் காராயி. கணவன் இறந்தபின் அவ்வண்டியைக் கொண்டே பிழைப்பவள். குதித்திறங்கி ஓடிவந்து அவள் சொன்னது சொன்னபடியே இங்கு எழுதப்படுகிறது: “ஐயோ சாமி, தொண்ட கிழியக் கத்துனேனே, காதுல விழலையா? எறக்கத்துல மாடு நிக்குமா? ஒரு மரத்தப் போயா கும்புட்டுக்கிட்டு இருந்தீக?”

எந்த அவையிலும் தயங்காது நிற்கும் தூதர், அன்று ஒரு வண்டிச் சக்கரத்தின் கீழ் நின்றார். நின்றார் என்பதும் பிழை, கிடந்தார்.

மருத்துவர் எலும்பைக் கூட்டிக் கட்டி, உயிருள்ளளவும் அம்முழங்கால் மடங்காது என்றார். தூதர் வலியின் மயக்கத்தில் இருக்கையிலேயே ஊர்மன்றத்தார் கூடினர். தூதருக்குத் தொழிற்கருவி நாவே என்றும், நாவுக்கு ஊறொன்றும் நேரவில்லை என்றும், ஆகவே சிறிய இழப்பீடே போதும் என்றும் தீர்த்து, காராயியின் மாடுகள் இரண்டையும் அவிழ்த்துவந்து தூதர் வீட்டுக் கொல்லையில் கட்டினர்.

பின்னர்ப் பல்லக்கில் ஏறிக் கருங்கோடு சென்ற தூதர், அரசவையில் வணங்கவேண்டிய இடத்தில் கோல்போல் நின்றார். அவை முகம் சுளித்தது. முழங்கால் வளையாதவனுக்கு மதகு திறவாது என்றார் கடுவரையர். நம் வயல்களை நினைத்துத் தூதர் மண்டியிட முயன்று, மல்லாந்து உருண்டு, அரியணைப் படியில் தலைமுட்டி நின்றார். அவை முழுதும் வாய்விட்டுச் சிரித்தது. மன்னர் சிரித்தபடியே இறங்கிவந்து அவரைத் தூக்கி நிறுத்தி, மதகைத் திறக்க இசைந்தார். நீர் வந்தது, பயிர் பிழைத்தது. ஆயினும் பல்லாண்டு பயின்ற சொல்லுக்குத் திறவாத மதகு ஒரு வீழ்ச்சிக்குத் திறந்தது என்பதைத் தூதரால் செரிக்க இயலவில்லை. வரும்வழி முழுதும் பல்லக்கின் திரையை அவர் விலக்கவே இல்லை.

வீடு திரும்பியபோது கொல்லையில் காராயி மாடுகளுக்குத் தீவனம் இட்டுக்கொண்டிருந்தாள். தலைச்சுமையாகப் பழம் சுமந்து விற்றதில் அவள் கழுத்து வீங்கியிருந்தது. தூதரைக் கண்டதும், “திருப்பிக் கேக்க வரல சாமி. வைக்கோல் நனஞ்சிருந்தா செவலை திங்காது, உங்க வீட்டு ஆளுகளுக்கு அது தெரியாது” என்றாள். கால் முறிந்தபோது அழாத தூதர் அப்போது அழுதார்.

ஆதலின் அவர் வேண்டுவது: மாடுகள் காராயியிடமே சேர்க. தூதர் வணங்கியது அரச காரியத்துக்காக. வணங்கியது மரத்தையே ஆயினும் காரியம் அரசினது. எனவே இழப்பீட்டுக் கடன் அரசையே சாரும். தூதருக்கு நாவோடு முழங்காலும் தொழிற்கருவி என்பதை மன்றம் அறியவில்லை. அறுக்கப்பட்ட நாவுக்கு எது ஈடோ அதுவே மடங்காத காலுக்கும் ஈடாகுக. அஃது இயலாதெனில் தூதுப்பணியினின்று அவரை விடுவித்தருள்க. உருண்டு உருண்டு மதகு திறக்கும் வித்தையை முதிய உடம்பு நெடுநாள் தாங்காது.

நெறி வழுவாத தேவியார் கோல் நீடுக. தூதர் தம் மோதிரம் பதித்தார்; குனிய இயலாமையால் முத்திரை சற்றே கோணியது.

*

மேற்கண்ட ஓலையின் புறத்தே கோப்பெருந்தேவியார் திருவாணை:

கண்டோம். சிரித்தோம். பின் சிரிப்பு நின்றது. மாடுகளை இன்றே, தின்ற தீவனத்துக்கு விலை கேளாது, காராயியிடம் சேர்ப்பிக்க. அவள் விற்பனை இழந்த நாட்களுக்கும், தூதரின் மருத்துவத்துக்கும் கருவூலம் ஈடு செய்க. ஊர்மன்றத்தின் தீர்ப்பு அழிந்தது. தூதரை விடுவியோம். இனி எந்நாட்டு அவையிலும் அவர் வணங்குவதில்லை. அவர் அமர நம் இருக்கைகளுள் ஒன்றை உடன் அனுப்புகிறோம். ஏன் வணங்கவில்லை என்று வினவுவோர்க்கு, வேய்மலையின் அரசி வேண்டாம் என்றாள் என்க. இது நம் முத்திரை. இவ்வாறே செய்க.