நான் எழுதிய அழுகை

சனிக்கிழமை, இரவு

கோயில் திருவிழா நாடகத்தை எழுதியது நான். அதில், கணவன் செத்ததும் தோட்டத் தொழிலாளர்களுக்கான லயத்து வீட்டைக் காலி செய்யச் சொல்கிறார்கள் ஒரு பெண்ணிடம். அவளாக நடிக்க இருந்ததும் நான்தான். இன்று ஒத்திகையில் நான் ஓவென்று அழுததும், கியா பார்ம் சந்தைக் கடையிலிருந்து நேரே வந்திருந்த என் கணவர் மடியில் இருந்த எங்கள் பாப்பா வீறிட்டுவிட்டாள். நேற்றும் இப்படித்தான். வசனத்தைப் பாதியில் விட்டு இறங்கி ஓடினேன்.

"சனம் நாடகத்தப் பாக்குமா, ஒன் பிள்ளையப் பாக்குமா? எழுதிக் குடுத்ததே போதும்மா," என்றார் கோயில் தலைவர். வேடம் என் நாத்தனார் லதாவுக்குப் போய்விட்டது.

வீட்டுக்கு வந்ததும் லதா பின்னாலேயே வந்தாள். "அண்ணி, அந்த எடத்துல எப்படி அழுறது? ஒரு தடவ காட்டுங்க லா, போன்ல புடிச்சுக்கிறேன்."

கதவைச் சாத்திவிடலாம் போலிருந்தது. ஆனால் கெட்டுப்போகப் போவது என் நாடகம். அழுது காட்டினேன்.

"இன்னொரு தடவ அண்ணி, கை மொகத்த மறைச்சிருச்சு."

இரண்டாவது முறை வசனம் முடிந்த பிறகும் எனக்கு அழுகை நிற்கவில்லை. லதா கொஞ்ச நேரம் பிடித்துக்கொண்டே இருந்தாள்.

"போதும் அண்ணி, கெடைச்சிருச்சு," என்று போனை நிறுத்திவிட்டுப் போய்விட்டாள்.