உவர்த் தண்ணீரில் மட்டி

ஐப்பசி 12, செவ்வாய்

நாளைக்குத் தூத்துக்குடிக்கு, அம்மா வீட்டுக்கே போகிறேன் என்று ரோசி பையைக் கட்டிவிட்டாள். கல்யாணமாகி நாலு மாதமாக எங்கள் ஊர் உவர்த் தண்ணீரை வைத்துத்தான் அவளுக்குச் சண்டை. சமாதானத்துக்கு உயிரோடு மட்டிச் சிப்பி வாங்கி வந்து, மண்ணைக் கக்கட்டும் என்று கேன் தண்ணீரில் போட்டேன். ஒன்றுகூட வாய் திறக்கவில்லை.

"நல்ல தண்ணியில செத்துரும்லா" என்று அவளே எங்கள் போர்வெல் உவர்த் தண்ணீரைப் பிடித்து ஊற்றினாள். மெல்ல ஒவ்வொன்றாகத் திறந்து நாக்கை நீட்டின.

"கடல்னு நெனச்சிட்டு, பாத்தியளா!" வெகுநாள் கழித்துச் சிரித்தாள்.

வெண்ணெயில் வெங்காயமும் உருளைக்கிழங்கும் வதக்கி, வேகவைத்த மட்டிச் சதையோடு பால் ஊற்றிக் கெட்டியாக சூப் வைத்தேன். ஆவியில் முகத்தை வைத்து, கண்ணை மூடியபடி இரண்டு கிண்ணம் குடித்தாள்.

பை கதவோரம்தான் இருக்கிறது. அதிலிருந்து அவள் எடுத்த போர்வை இப்போது எங்கள் இருவர் மேலும் கிடக்கிறது.