போடா என்ற பிறகு

மேல்கணக்கு, டிக்கோயா
14.7.1963

அன்புள்ள தம்பி முத்துலிங்கத்துக்கு, அக்கா மீனம்மா எழுதிக்கொண்டது. மாரியம்மா புண்ணியத்தில் இங்கு எல்லோரும் நலம். கொழும்பில் நேரத்துக்குச் சாப்பிடுகிறாயா? படம் பிடிக்க வந்தவன் எலும்பும் தோலுமாக நின்றாய், எனக்குப் பகீரென்றது. அம்மா உயிரோடு இருந்திருந்தால் உன் காதைத் திருகியிருப்பாள்.

நீ உன் கதையையே படமாக எடுக்கிறாய் என்றதும் லயத்து வரிசை வீட்டுச் சனமே தீபாவளிச் சேலை கட்டி, எண்ணெய் வழியத் தலைசீவி, போட்டோவுக்கு நிற்பதுபோல மூச்சு விடாமல் நின்றதே! தேயிலைக் கொழுந்துக் கூடையோடு அசைந்து நடங்கள் என்று நீ கத்தியதை இன்னும் சொல்லிச் சிரிக்கிறோம். பேச்சியம்மா சித்திக்கு மட்டும், இரவல் அட்டியலைக் கழற்றச் சொன்னாய் என்று உன்மேல் கோபம்.

சின்ன வயதில் லாம்பு வெளிச்சத்தில், சுவரில் கைநிழலால் நாயும் கொக்கும் காட்டுவாயே, ஞாபகம் இருக்கிறதா? முதலில் கைதட்டுவது அப்பாதான். அந்த நாட்கள் திரும்பி வராதா என்று இருக்கிறது.

அப்பா மேல் உனக்குக் கோபம் தீரவில்லை என்று தெரியும். தோட்டத்தில் கூலியாகப் பேர் பதிய மாட்டேன், படம் பிடிக்கும் வேலைக்குப் போகிறேன் என்று நீ நின்ற அன்று, "போடா வெளியே" என்றார். சொன்னது சொன்னதுதான். ஆனால் அதையே கேமராவுக்காக மறுபடி சொல்லச் சொன்னாயே, எப்படியடா வாய் வரும்? சத்தம் பதியாதுப்பா, வாயை மட்டும் அசைங்க என்று கெஞ்சினாய். அவர் முகத்தைத் திருப்பிக்கொண்டு மாட்டுப்பட்டிக்குப் போய்விட்டார். நீ சோறுகூடத் தின்னாமல் பஸ் ஏறிவிட்டாய்.

இப்போது, காமன் கூத்தில் எமன் வேஷம் கட்டுகிற ராகலை செல்லசாமியை அப்பாவாக நடிக்க வைக்கப் போவதாக எழுதியிருக்கிறாய். அப்பாவுக்கு வாசித்துக் காட்டினேன். "எம் புள்ளைக்கு எமனா அப்பன்? நானே சொல்றேன்னு எழுது புள்ள" என்றார். அன்றிலிருந்து மாட்டுப்பட்டியில் நின்று "போடா, போடா" என்று பழகுகிறார். மாடு மிரள்கிறது, இவர் கண்ணைத் துடைத்துக்கொள்கிறார்.

ஆனால் ஒரு நிபந்தனை. "போடா" என்றதும் மெசினை நிறுத்தக் கூடாதாம். உன் கதை, நீ பஸ் ஏறப் போய் ரோட்டு வளைவு திரும்பியதோடு முடிகிறது. அதற்குப் பிறகு நடந்தது உனக்குத் தெரியாது. கொட்டுகிற மழையில் கம்பளியைத் தூக்கிக்கொண்டு உன் பின்னாலேயே ஓடினார். பெயர் சொல்லிக் கூப்பிட்டார். பஸ் போய்விட்டது. யாரிடமும் சொல்லாதே என்று என்னிடம் சத்தியம் வாங்கினார். இப்போது அவரே எழுதச் சொல்கிறார்.

அதையும் எடுக்க வா. உன் காலில் முள் தைக்காமல் மாரியம்மா பார்த்துக்கொள்வாள். இந்தத் தடவை அவர் ஓடி வரும்போது வளைவில் நில், தம்பி. முன்போல ஓட அவரால் முடியாது.

உன் அக்கா
மீனம்மா