கடைசியாகக் குடித்த தேதி

கண்ணு,

அப்பாவின் மானம் நேற்று ஒரு பிளாஸ்டிக் கப்பில் போய்விட்டது. ஆர்.டி.ஓ. ஆபீஸில் ஸ்கூல் வேன் டிரைவர்கள் பேரையெல்லாம் திடீர்க் குடி, போதைச் சோதனைக்கென்று கம்ப்யூட்டரில் ஏற்றுகிறார்கள். முதல் சோதனைக்குச் சிறுநீர் கேட்டார்கள். குன்னூர்க் குளிரில் வளைவுக்கு வளைவு வண்டியை ஓரங்கட்டி ஒதுங்குகிற எனக்கு அங்கே ஒரு சொட்டு வரவில்லை. நாலு டீ குடித்த பிறகுதான் வந்தது. வரிசையில் நின்றவர்கள் கை தட்டினார்கள்.

அப்புறம் பதிவு செய்கிற ரஞ்சனி மேடம், "கடைசியா எப்பங்க குடிச்சீங்க?" என்றார்.

"குடிச்சதே இல்லைன்னு சொல்லுங்கண்ணா, இல்லாட்டி வேனைப் புடுங்கிருவாங்க" என்று பின்னால் நின்ற டிரைவர் சில்வஸ்டர் காதைக் கடித்தான்.

நான் உள்ளதைச் சொன்னேன். "2014 ஜூலை பதினொண்ணுங்க."

"தேதியோடவா! அன்னிக்கு என்னங்க ஆச்சு?"

"வயித்து வலிங்க."

சிரித்துக்கொண்டே பேரை ஏற்றிவிட்டார். வேன் என்னிடம்தான் இருக்கிறது. இனி எந்த நாள் கூப்பிட்டாலும் ஊதிக் காட்டுவேன், பயமில்லை.

அந்த ஜூலைச் சாயங்காலம் எட்டு வயதான நீ, "குடிச்சிருக்கீங்க, உங்க வண்டியில வரமாட்டேன்" என்று இறங்கி, மழையில் வீட்டுக்கு நடந்தே போனதை மட்டும் அவரிடம் சொல்லவில்லை.

உன் அப்பா