ஒரே செவ்வாய்க்கிழமை

தம்பி,

எதிர்வீட்டு அம்மாவின் கல்யாண கேசட்டை டிஸ்க்கில் ஏற்றித் தரலாமென்று இன்று உன் பழைய கம்ப்யூட்டரைப் போட்டேன். சூடேறிய தூசியின் அதே வாசனை. டிஸ்க் எழுதும் சாப்ட்வேர் திறக்கவில்லை. லைசன்ஸ் முடிந்தது என்று சிவப்புப் பெட்டி வந்து நின்றது. என் கை தன்னால் தேதியை மாற்றப் போனது. சட்டென்று இழுத்துக்கொண்டேன்.

விவேக் நகரில் நம் கல்யாண வீடியோ கடையில் அந்தச் சிவப்புப் பெட்டி முதலில் வந்த நாள் நினைவிருக்கிறதா? முந்தின வாரம்தான் நீ நெஞ்சு அடைத்து டாக்டரிடம் போயிருந்தாய். மூன்று மாதத்தில் கண்டிப்பாகத் திரும்ப வர வேண்டும், தள்ளிப்போடக் கூடாது என்று அவர் சொல்லி அனுப்பியிருந்தார். "எங்கயாவது எழுதி வைடா" என்றேன். "கம்ப்யூட்டர்ல போட்டுட்டேன் அக்கா. அன்னைக்கு அதுவே மணியடிச்சுக் கூப்பிடும். மெஷின் மறக்காது" என்றாய்.

லைசன்ஸுக்காகக் கம்பெனிக்குப் போன் செய்தாய். அத்தனை பழைய சாப்ட்வேருக்கு இனிமேல் புதுப்பித்துத் தருவதில்லை என்றார்கள். பாதி முடிந்த மூன்று கல்யாணங்கள் அதற்குள் மாட்டிக்கொண்டிருந்தன.

"தேதி முடிஞ்சுதுன்னுதானே சொல்லுது? முடியாத தேதிக்குப் போயேன்" என்றேன் நான்.

கம்ப்யூட்டர் தேதியை லைசன்ஸ் முடிவதற்கு முந்தின ஒரு செவ்வாய்க்கிழமைக்கு மாற்றிப் பார்த்தாய். திறந்தது. "பாருங்கய்யா, எங்க அஞ்சாங்கிளாஸ் இன்ஜினியர!" என்று பக்கத்து ஜெராக்ஸ் கடை வரை கேட்கக் கத்தினாய். பேரன் பேத்தி எடுத்த எனக்குத் தலைகால் புரியவில்லை. அன்றிலிருந்து அது என் வேலை. காலையில் மாதா படத்துக்கு மெழுகுவத்தி ஏற்றும் முன்பே, தேதியை அந்தப் பழைய செவ்வாய்க்கிழமைக்குத் தள்ளிவிடுவேன். வெளியே மழை வந்தது, பள்ளிக்கூடம் திறந்தது, கோயில் திருவிழாவும் முடிந்தது. நம் கடையில் மட்டும் செவ்வாய்க்கிழமையாகவே இருந்தது.

ஒருநாள் கடைப் படியில் நின்று மூச்சு வாங்கினாய். உதடு வெளுத்திருந்தது.

"டாக்டர்கிட்ட எப்போடா போகணும்?"

"இன்னும் கூப்பிடலையே அக்கா."

நானும் சரியென்று தலையாட்டினேன்.

உன்னை அடக்கம் செய்த மறுவாரம் கடையைத் திறந்தேன். இனி யாருக்காக என்று தேதியைச் சரியாக வைத்தேன். வைத்த உடனே மணியடித்தது. திரையில் வந்ததை எழுத்துக்கூட்டிப் படித்தேன்: டாக்டர், கட்டாயம். அந்த நாள் கடந்து இருபது நாளாகியிருந்தது. நிறுத்தத் தெரியாமல், அது அடிக்க அடிக்கக் கேட்டுக்கொண்டு நின்றேன்.

வருஷா வருஷம் உன் நினைவுப் பூசை முடிந்து வெளியே வரும்போது உன் மனைவி கேட்கிறாள்: "எதையும் மறக்காத மனுஷன் அண்ணி. அதை மட்டும் எப்படி மறந்தாரு?"

"அவனுக்கு எங்கே கவனம் இருந்தது" என்கிறேன். செத்தவன் மேலேயே பழியைப் போட்டுவிட்டு நடக்கிறேன். சாமியாரிடம் பாவசங்கீர்த்தனத்தில்கூட இதை நான் சொன்னதில்லை. உன்னிடம்தான் முதலில் சொல்கிறேன். நீ மறக்கவில்லையடா.

நாளைக்கு உன் பூசை. அவள் கேட்பாள்.

அக்கா